தினமும் வரும் இரண்டு பேர்

காலை ஆறு பத்துக்குப் பெரிய மாமா பிரஷ்ஷில் பேஸ்ட்டைப் பிதுக்கிக்கொண்டு குளியலறையிலிருந்து வெளியே வருவார். பல் விளக்க மாட்டார். பிரஷ்ஷை வாயின் இடது ஓரத்தில் சுருட்டு போலச் செருகிக்கொண்டு, சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து மடிக்கணினியைத் திறப்பார். அது விழித்துக்கொள்ளும் வரை இரண்டு விரல்களால் மேசையைத் தட்டுவார். திரையில் ஒரு பக்கம் வரும். அதில் ஒரு கோடு மேலும் கீழுமாகப் போகும். கோட்டின் வலது முனைக்கு அம்புக்குறியைக் கொண்டுபோய் நிறுத்தினால் இரண்டு எண்கள் தெரியும். மருந்துக் கம்பெனி இனாமாகக் கொடுத்த டைரியில், முந்தைய நாள் பக்கத்தைப் பிரித்து, நீல மையில் ஓர் எண்ணும் சிவப்பு மையில் ஓர் எண்ணும் எழுதுவார். நீலம் என்றால் பக்கத்தை எத்தனை தடவை பார்த்தார்கள். சிவப்பு என்றால் எத்தனை பேர் பார்த்தார்கள். மை காய ஒரு ஊது ஊதுவார். பேஸ்ட் துளி ஒன்று டைரியில் தெறிக்கும். அதைக் கட்டைவிரலால் துடைத்து, டைரியை மூடி, அதற்குப் பிறகுதான் வாயிலிருக்கும் பிரஷ்ஷை அசைப்பார்.

நான் பெரிய அக்கா வீட்டு முன்னறையில் தங்கி, கூரியர் ஆபீசுக்கு வேலைக்குப் போய்வந்த மூன்று வருடமும் இதைத் தினம் பார்த்தேன். எதிர் நாற்காலியில் ஒரு கவிதைப் புத்தகத்தை விரித்து வைத்துக்கொண்டிருப்பேன். கண் மட்டும் புத்தகத்தின் மேல்விளிம்பைத் தாண்டி அவர் மேலே இருக்கும்.

அக்கா புருஷனான மாமா ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் நர்ஸ்களுக்கு டியூட்டி லிஸ்ட் போடுகிறவர். ஒன்பது வார்டு, மூன்று ஷிப்ட், நூற்றெண்பது நர்ஸ்கள். அங்கே அவருக்குப் பெயரே லிஸ்ட் சார்தான். லிஸ்டைக் கையால் போட்ட காலத்தில் மாதக் கடைசி மூன்று நாளும் அவர் அறை வாசலில் நிற்க இடமிருக்காது. ஒருத்திக்கு ஞாயிறு லீவு விழுந்தால் இன்னொருத்தி முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடிக்கும். வீட்டுக்கு வந்தும் அந்த முகங்களையே சொல்லிக்கொண்டிருப்பார். முப்பத்தாறு வயதில், வீடியோ பார்த்துப் பார்த்து, புரோகிராம் எழுதக் கற்றுக்கொண்டார். பதினோரு மாதம் உட்கார்ந்து ஒன்றை எழுதினார். நைட் முடித்தவருக்கு மறுநாள் காலை ஷிப்ட் கிடையாது. போன மாதம் ஞாயிறு வாங்கியவர் இந்த மாதம் வரிசையில் பின்னால் போகவேண்டும். புருஷன் பெண்டாட்டி இருவரும் அங்கேயே வேலை பார்த்தால் இருவருக்கும் ஒரே நாளில் லீவு. இப்படி நாற்பத்தோரு விதிகள். மூன்று நாள் பிடித்த லிஸ்டை அது நான்கு நிமிடத்தில் போட்டுத் தந்தது. அறை வாசல் காலியானது. அதன் பிறகு யாரும் அவரைத் திட்டவில்லை. யாரும் அவரைத் தேடவும் இல்லை என்பதை அவர் கொஞ்சம் தாமதமாகத்தான் கவனித்தார்.

எல்லா ஆஸ்பத்திரியிலும் இந்தச் சண்டை இருக்கும், நமது லிஸ்ட் எல்லோருக்கும் உதவட்டும் என்று அதை இணையத்தில் போட்டார். புரோகிராம் எழுதுகிறவர்கள் தாங்கள் எழுதியதை ஊரறியப் போட்டுவைக்கும் தளம் ஒன்று இருக்கிறது. யார் வேண்டுமானாலும் பார்க்கலாம், சும்மா எடுத்துக்கொள்ளலாம். அப்படிப் போட்டுவைக்கும் இடத்துக்கு ரெப்போ என்று பெயர். மாமா அந்தச் சொல்லைச் சொந்த வீட்டைச் சொல்கிறவர் குரலில் சொல்வார். எத்தனை பேர் வந்து போனார்கள் என்று ரெப்போவின் சொந்தக்காரருக்கு மட்டும் தளம் ஒரு பக்கத்தில் காட்டும். ஆனால் பதினான்கு நாள் கணக்கைத்தான் வைத்திருக்கும். பதினைந்தாவது நாள் சத்தமில்லாமல் உதிர்ந்துவிடும். அது உதிர்வதற்குள் பிடித்துவைக்கத்தான் டைரி. நான் அங்கே போனபோது முதல் டைரி நிரம்பி அலமாரியில் இருந்தது. இரண்டாவது நடந்துகொண்டிருந்தது.

சிவப்பு எண் பெரும்பாலும் இரண்டு. சில நாள் மூன்று. ஒரே ஒரு நாள் ஒன்பது. அந்தப் பக்கத்தின் மூலையை மடித்து வைத்திருந்தார்.

இவ்வளவோடு நின்றிருந்தால் அவர் நிம்மதியான மனிதராகவே இருந்திருப்பார். சின்ன அக்காவின் புருஷன் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பூனை ஒன்றைச் செய்து வைத்தார்.

சின்ன மாமா பெரிய சாப்ட்வேர் கம்பெனியில் இருப்பவர். முறையாகப் படித்து முறையாக வேலைக்குப் போனவர். அக்கா தூங்கிக்கொண்டிருந்த இரண்டு மணி நேரத்தில், வேறு வேலை இல்லாமல், அவர் எழுதியது இதுதான்: ஏதாவது ஒரு பக்கம் திரையில் வரத் தாமதமானால், அதுவரை ஒரு பூனை கொட்டாவி விடும், முதுகை வளைத்துச் சோம்பல் முறிக்கும். அவ்வளவுதான். அதை அதே தளத்தில் ஒரு ரெப்போவாகப் போட்டார். மூன்று வாரத்தில் ஒரு நாளைக்கு ஆயிரம் பேர் வந்தார்கள்.

பெரிய மாமா அன்றிலிருந்து பூனை என்ற சொல்லைச் சொல்லவில்லை. 'அந்தப் பிராணி' என்பார். இரண்டு குடும்பமும் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் பெரிய அக்கா வீட்டில் சேர்ந்து சாப்பிடுவது வழக்கம். சாதம் பரிமாறி முடிவதற்குள் பிராணியின் நலம் விசாரித்துவிடுவார். சின்ன மாமா கூச்சத்தோடு போனை நீட்டுவார். அதில் அந்தக் கோடு ஒரு மலையாக நிற்கும். பெரிய மாமா மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுக்கொண்டு பார்த்து, "நல்லா இருக்கு தம்பி" என்பார். பிறகு ரசத்தில் உப்பில்லை என்பார். உப்பு சரியாகத்தான் இருக்கும்.

அந்தக் கோட்டில் ஒரு விசேஷம் உண்டு. அது ரெப்போவுக்குத் தகுந்தபடி தன் அளவை மாற்றிக்கொள்ளும். நாலாயிரம் வந்தாலும் உச்சி அங்கேயேதான், நான்கு பேர் வந்தாலும் உச்சி அங்கேயேதான். பெரிய மாமா ஒரு நாள் இதைக் கண்டுபிடித்துவிட்டார். நான்கு பேர் வந்த வாரத்தின் கோட்டைப் படம் பிடித்து, ஓரத்தில் இருந்த எண்களை வெட்டி எடுத்துவிட்டு, அக்காவுக்கு அனுப்பினார். அக்கா சமையலறையிலிருந்தே கேட்டாள்.

"அட, உங்களுக்கும் மலை வந்துடுச்சு. இதுல எத்தனை பேரு?"

"எண்ணிக்கை முக்கியமில்ல. போக்கைப் பாரு."

"போக்கெல்லாம் நல்லாத்தான் இருக்கு. பல்லை விளக்கிட்டு வாங்க."

எனக்குச் சிரிப்பு வந்தது, புத்தகத்துக்குள் ஒளித்துக்கொண்டேன். ஆனால் அந்தப் படத்தை அவர் அழிக்கவில்லை. போனின் முகப்பில் வைத்துக்கொண்டார். பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போது கவனித்தேன், போனைச் சும்மா எடுத்து அந்த மலையைப் பார்த்துவிட்டுத் திரும்பப் பையில் போடுவார்.

ரெப்போவை இழுத்து மூடிவிடலாமா என்று அவர் முதலில் கேட்டது பூனை நாலாயிரத்தைத் தொட்ட வாரத்தில். கேட்டுவிட்டு அவரே பதிலும் சொல்லிக்கொண்டார். இரண்டு பேர் இருக்கிறார்கள். மழையோ பண்டிகையோ ஞாயிறோ, நடப்பு டைரியில் சிவப்பு எண் இரண்டுக்குக் கீழே இறங்கியதே இல்லை. எங்கோ இரண்டு லிஸ்ட் சார்கள் தினமும் அவர் ரெப்போவை நம்பித் திறக்கிறார்கள். அவர்களை நடுத்தெருவில் விட முடியாது. அவர்களில் ஒருவர், என்றைக்கோ ஒரு கடிதம் போட்டிருந்த ஒரு தீவின் நர்ஸாக இருக்கவேண்டும் என்பது அவர் ஊகம்.

கடிதம் என்றதும் நினைவு வருகிறது. ரெப்போவில் வருகிறவர்கள் விரும்பினால் ஏதாவது எழுதிவிட்டுப் போக இடமிருக்கிறது. பெரும்பாலும் கோளாறு சொல்லத்தான் எழுதுவார்கள். பெரிய மாமாவுக்கு நான்கு வருடத்தில் மூன்று பேர் எழுதியிருந்தார்கள், மூவரும் நன்றி சொல்லி. தீவு நர்ஸ் எழுதியது இப்படி: ஏழு வருடமாக எல்லா ஞாயிறும் வார்டில் இருந்தேன், உங்கள் லிஸ்ட் வந்த பிறகு மாதத்தில் ஒரு ஞாயிறாவது என் மகள் என்னைப் பார்க்கிறாள். மாமா அதற்கு, 'தங்கள் மடல் கிடைக்கப்பெற்றேன், மகிழ்ச்சி' என்று ஆஸ்பத்திரிக் கடித நடையில் இரண்டு வரி பதில் போட்டுவிட்டு மறந்துபோனார். டைரியில் அதைக் குறிக்கவில்லை. கடிதத்துக்கு அவரிடம் மை இல்லை, நீலமும் சிவப்பும்தான்.

போன வருடம் அவருக்குக் குடலிறக்க அறுவை சிகிச்சை நடந்தது. அவர் வேலை பார்க்கும் ஆஸ்பத்திரியிலேயே ஒரு வாரம் படுக்கை, பிறகு வீட்டில் ஓய்வு. மயக்க மருந்தைப் பற்றி அவர் கவலைப்படவில்லை. டைரியைப் பற்றித்தான் கவலை. முந்தைய நாள் என்னைக் கூப்பிட்டு பாஸ்வேர்டை ஒரு கவரில் போட்டு ஒட்டிக் கொடுத்தார். காலை ஆறு பத்துக்குத்தான் பார்க்கவேண்டும், சிவப்பு மை முதலில் கூடாது என்றெல்லாம் சொன்னார். சொல்லிவிட்டுக் கேட்டார்.

"மாப்ள, உன் கவிதை அந்தப் பத்திரிகைல வந்துச்சே. எத்தனை பேர் படிச்சாங்கன்னு காட்டுவாங்களா?"

"காட்ட மாட்டாங்க மாமா."

"குடுத்து வெச்சவன்டா நீ."

ஒரு வாரம் நான் எழுதினேன். இரண்டு, இரண்டு, மூன்று, இரண்டு. ஆறாவது நாள் மாமா, வேறு கண்ணாடி வேண்டும், தன் அறை மேசையில் இருக்கிறது என்றார். காலை எட்டு மணிக்கு லிஸ்ட் அறைக்குப் போனேன். ஆயாம்மா ஜன்னலைத் திறந்து, மேசையைத் துடைத்து, கணினியையும் போட்டுவிட்டுப் போனார். தினமும் செய்கிற வேலை என்று அவர் கையிலேயே தெரிந்தது. நான் இழுப்பறையில் கண்ணாடியைத் தேடிக்கொண்டிருந்தேன். திரை வெளிச்சமாகி, தானாகவே பிரவுசர் திறந்து, அதில் ஒரு பக்கம் வந்து நின்றது. பெரிய மாமாவின் ரெப்போ.

என்றைக்கோ யாருக்கோ காட்டுவதற்காக அதை முதல் பக்கமாக வைத்துவிட்டு மறந்திருக்கிறார். அந்தக் கணினியில் அவர் பெயரில் நுழைவதில்லை. எனவே தளத்துக்கு அது முகம் தெரியாத யாரோ ஒருவர். ஆஸ்பத்திரிக்கு ஏது விடுமுறை. மழையோ பண்டிகையோ ஞாயிறோ, காலை எட்டு மணிக்கு அந்த ஒருவர் வந்துவிடுவார்.

கண்ணாடியைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் காலை சிவப்பு மையில் இரண்டு என்று எழுதும்போது கை கொஞ்சம் நின்றது.

நான் சொல்லாததைச் சின்ன மாமா சொன்னார். பெரிய மாமா தேறி, மறுநாள் வேலைக்குத் திரும்பவேண்டிய ஞாயிறு அது. வயிற்றில் பெல்ட் கட்டிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். இருமக்கூடாது, சிரிக்கக்கூடாது என்று டாக்டர் சொல்லியிருந்தார். பிராணியைப் பற்றிக் கேட்கக்கூடாது என்று சொல்லவில்லை.

"என்ன தம்பி, பிராணி எப்படி இருக்கு?"

"ஓடுது அண்ணா. நேத்து அஞ்சாயிரம் தாண்டிருச்சு. ஏன்னு எனக்கே புரியல."

அந்த 'எனக்கே புரியல'தான் பெரிய மாமாவைச் சுட்டது. கஷ்டப்பட்டு வாங்கினேன் என்றிருந்தால்கூடப் பொறுத்திருப்பார். தண்ணீர் டம்ளரைத் தள்ளி வைத்தார்.

"அஞ்சாயிரம் பேர் வாசல்ல எட்டிப் பாத்துட்டுப் போறதும், ரெண்டு பேர் தினமும் உள்ள வந்து உக்கார்றதும் ஒண்ணா?"

"ரெண்டு பேரா? யாரு?"

"மாப்ள, அந்த டைரியை எடு."

எடுத்துக் கொடுத்தேன். சின்ன மாமா சாப்பிட்ட கையை ஒதுக்கி வைத்துக்கொண்டு இடது கையால் பக்கங்களைப் புரட்டினார். சோதனைச்சாலை ரிப்போர்ட்டைப் பார்ப்பதுபோல ரொம்ப நேரம் பார்த்தார். இத்தனை வருடத்தில் அந்த டைரியை அவ்வளவு கவனமாக வேறு யாரும் பார்த்ததில்லை. மடித்த மூலையில் ஒன்பது இருந்த பக்கத்தில் கொஞ்சம் தங்கினார். பிறகு மூடினார்.

"அண்ணா, ஆஸ்பத்திரி கம்ப்யூட்டர்ல பிரவுசரைத் திறந்தா முதல்ல என்ன பக்கம் வரும்?"

பெரிய மாமா டைரியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். அவர் முகத்தில் அந்தப் பக்கம் மெல்லத் திறந்துகொள்வதை நான் பார்த்தேன். தலைமை நர்ஸுக்குக் காட்ட வைத்தது, இரண்டு வருடத்துக்கு மேலாகிறது என்று பிறகு சொன்னார். அப்போது வேறொன்று சொன்னார்.

"சரி. ஒருத்தர் நானேன்னு வெச்சுக்குவோம். இன்னொருத்தரு?"

சின்ன மாமா தண்ணீர் குடித்தார். முழு டம்ளரையும் குடித்தார்.

"அது தெரியல அண்ணா."

சாப்பிடும்போது இதெல்லாம் எதற்கு என்று சின்ன அக்கா அவர் முழங்கையில் இடித்தாள். அன்று யாரும் மறுசாதம் கேட்கவில்லை. அவர்கள் கிளம்பிப் போன பிறகு பெரிய மாமா பால்கனியில் என் பக்கத்தில் வந்து நின்றார். வயிற்றுப் பெல்ட்டை இறுக்கிக்கொண்டே சொன்னார்.

"வயித்தெரிச்சல் மாப்ள. அஞ்சாயிரம் பேரை வெச்சுக்கிட்டு, என் ரெண்டு பேர்ல ஒருத்தரைப் புடுங்கிட்டுப் போயிட்டான்."

யாருக்கு வயிற்றெரிச்சல் என்று கேட்கும் தைரியம் எனக்கு இல்லை. எனக்கு முன்பே தெரியும் என்பதைச் சொல்லும் தைரியமும் இல்லை. எதிர் வீட்டுக் கொடியில் காயும் துணிகளை எண்ணிக்கொண்டிருந்தேன்.

திங்கட்கிழமை அவர் வேலைக்குப் போனதும் முதல் பக்கத்தை மாற்றினார். மாலை வந்து, செவ்வாயிலிருந்து பதினான்கு நாள் என்று அறிவித்தார். இந்தப் பதினான்கு நாளில் ஒரு நாள் பூஜ்யம் வந்தாலும் ரெப்போவை மூடிவிடுவார்.

"மூடினா ஆஸ்பத்திரி லிஸ்ட்டு என்ன ஆவும்?" என்றாள் அக்கா.

"அது அங்க பாட்டுக்கு ஓடும். வெளிய வெச்சுக் காட்டிக்கிட்டு நிக்க வேண்டாம்னு பாக்கறேன். கடையைத் திறந்து வெச்சு, நானே கஸ்டமர் வேஷம் போட்டிருக்கேன் நாலு வருஷமா."

"ரெண்டு வருஷம்தானே" என்றாள் அக்கா. ஆறுதலுக்காகத்தான் சொன்னாள்.

செவ்வாய்க் கணக்கு புதன் காலை வந்தது. சிவப்பில் ஒன்று. வியாழனும் ஒன்று. வெள்ளி இரண்டு, சனி ஒன்று. இரண்டு குறைந்து ஒன்றாகிவிட்டதே என்று அவர் வருந்துவார் என நினைத்தேன். மாறாக, அந்த ஒன்றை எழுதும்போது மையை அதிக நேரம் ஊதினார். முதல் ஞாயிறு சின்ன மாமா வீட்டுக்காரர்கள் வரவில்லை, உடம்பு சரியில்லை என்றார்கள். இரண்டாவது ஞாயிறு சின்ன அக்கா மட்டும் வந்தாள். அவர் ஆபீஸ் வேலையாக வெளியூர் போயிருக்கிறார், இன்றைக்கு முழுக்க விமானத்திலும் விமான நிலையத்திலும்தான் இருப்பார் என்றாள். பெரிய மாமா அன்று ரசத்தைக் குறை சொல்லவில்லை.

திங்கள் காலை ஆறு பத்துக்குப் பதிமூன்றாம் நாளின் எண்ணைப் பார்த்தார். பூஜ்யம்.

விரல் மேசையைத் தட்டவில்லை. பிரஷ் வாயோரத்தில் அப்படியே இருந்தது. சிவப்புப் பேனாவின் மூடியைக் கழற்றி மறுபடி போட்டார். பிறகு வேறொரு பக்கத்தைத் திறந்தார். ரெப்போவை அழிக்கும் பக்கம். அழிப்பதற்கு முன் தளம் ஒன்று கேட்கும்: நிஜமாகவே அழிக்க விரும்பினால் ரெப்போவின் முழுப் பெயரை உங்கள் கையாலேயே தட்டச்சு செய்யுங்கள். அவர் இரண்டு விரலால் ஒவ்வோர் எழுத்தாகத் தேடித் தட்டினார். நான் புத்தகத்தைக் கீழே வைத்துவிட்டேன். கடைசி இரண்டு எழுத்து பாக்கி இருக்கும்போது அக்கா தேநீரோடு வந்து நின்றாள். திரையையும் அவரையும் பார்த்தாள்.

"பல்லையாவது விளக்கிட்டு மூடுங்க."

அவர் நிமிர்ந்து பார்த்தார். பிரஷ் வாயில் இருப்பதை அப்போதுதான் உணர்ந்தவர்போல அதைக் கையில் எடுத்துப் பார்த்தார். பேஸ்ட் காய்ந்திருந்தது. எழுந்து குளியலறைக்குப் போனார். திரும்பி வரும்போது ஏழாகிவிட்டது, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. மாலை வந்து பார்த்துக்கொள்கிறேன் என்று மடிக்கணினியை மூடிவிட்டு, டிபன் டப்பாவை எடுக்காமலே போய்விட்டார்.

மாலை வந்ததும் செருப்பைக்கூடக் கழற்றாமல் திறந்தார். முடிக்காத பெயர் அப்படியே காத்திருந்தது. அதற்கு முன் கடைசியாக ஒரு தடவை என்று கோட்டின் பக்கத்துக்குப் போனார். ஞாயிற்றுக்கிழமைக்கு நேராக ஒன்று என்று இருந்தது.

அந்தத் தளத்தின் நாள் நம்முடைய கடிகாரப்படி முடிவதில்லை. அது எங்கோ வேறொரு கடிகாரத்தைப் பார்த்து நாளை மூடுகிறது. நமக்கு ஞாயிறு முடிந்த பின்னும் அதற்குச் சில மணி நேரம் ஞாயிறு பாக்கி இருக்கும், கூட்டிக் காட்டவும் தாமதமாகும். வழக்கமாக வருகிறவர் அன்று வழக்கத்தைவிட நேரம் கழித்து வந்திருக்கிறார், அவ்வளவுதான். இதை மாமா எனக்கும் அக்காவுக்கும் இரண்டு தடவை விளக்கினார். நான்கு வருடம் எழுதியும் இது தெரியாமல் இருந்ததே என்று தலையில் அடித்துக்கொண்டார். சிரிக்கக்கூடாத வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அவர் நாற்காலியில் செருப்போடு உட்கார்ந்திருந்ததை அக்கா அன்று ஒருநாள் மன்னித்தாள்.

பதினான்காம் நாளும் ஒன்றுதான். அன்று அவரே சின்ன மாமாவுக்குப் போன் போட்டார், ஸ்பீக்கரில் போட்டார்.

"தம்பி, சொல்லிடணும்னு தோணுச்சு. ஆஸ்பத்திரி கம்ப்யூட்டரை எடுத்தாச்சு. அப்புறமும் ஒருத்தர் வர்றாரு. பதினாலு நாளும் வந்தாரு."

"சந்தோஷம் அண்ணா."

"உன் அஞ்சாயிரத்துல இந்த மாதிரி ஒருத்தர் இருக்காரா, பாரு. கோவிச்சுக்காத, சும்மா கேட்டேன்."

அந்தப் பக்கம் டம்ளரைக் கீழே வைக்கும் சத்தம் கேட்டது.

"இல்லண்ணா. யாரும் திரும்பி வர மாட்டாங்க. பூனையை எடுத்துக்கிட்டுப் போயிடுவாங்க."

பெரிய மாமா என்னைப் பார்த்துக் கண்ணடித்தார். மூன்று வருடத்தில் அவர் ஜெயித்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். அடுத்த ஞாயிறு எல்லோரும் சாப்பிட வந்தார்கள். பெரிய மாமா, யாரும் கேட்காமலே, "பூனை நல்லா இருக்கா?" என்றார்.

ரெப்போ இன்னும் இருக்கிறது. இப்போது ஐந்தாவது டைரி. நான் வேறு ஊருக்கு மாறிவிட்டேன். ஆனால் காலை ஆறு பத்துக்கு விழிப்பு வந்துவிடுகிறது.

மாறிப்போகும்போது சின்ன மாமா தன் பழைய மடிக்கணினியை எனக்குக் கொடுத்தார். எல்லாவற்றையும் அழித்துவிட்டேன், கவிதை எழுத இது போதும் என்றார். புது அறையில் முதல் நாள் அதைப் போட்டேன். பிரவுசரைத் திறந்ததும், நான் எதையும் தட்டுவதற்குள், ஒரு பக்கம் தானாக வந்து நின்றது. பெரிய மாமாவின் ரெப்போ.

அழிக்க மறந்த கோப்பு ஒன்றும் ஓரமாக இருந்தது. 'தினம்' என்று பெயர். பூனை வந்த மறுவாரத்தில் தொடங்கி, கணினியை எனக்குக் கொடுத்ததற்கு முந்தைய நாள் வரை, ஒரு நாள் விடாமல் தேதி போட்ட பட்டியல். வருகிறவர்களின் எண்ணிக்கை அதில் எங்கும் இல்லை. தேதிக்கு நேராக இரண்டே எண்கள். கடைசி வரி இப்படி இருந்தது:

நன்றி சொல்லி எழுதியவர்கள் – அண்ணனுக்கு 3, எனக்கு 0.